கேட் புத்தகத்தில் நான் எழுதிய பொய்

2007ஆம் ஆண்டு, ஆவணி மாதம். மாத்தளை டவுனில் ஓர் அரசாங்கக் கந்தோரின் மேல்மாடி. சுவரோரமாகப் போட்டிருந்த வாங்கில் நானும் அக்காவும் உட்கார்ந்திருந்தோம். அக்கா என்றால் கூடப்பிறந்தவர் இல்லை. ஒரே பள்ளிக்கூடத்தில் பதினான்கு வருடமாக என்னோடு கூட்டிப் பெருக்கி, தண்ணீர் தூக்கி, மணி அடித்தவர். நாங்கள் இரண்டு பேரும் அந்தப் பள்ளிக்கூடத்தில் உண்மையிலேயே வேலை செய்தோமா என்று பார்க்கத்தான் அன்றைய விசாரணை. செய்தோம் என்று முடிவானால் நிரந்தர நியமனம். இல்லை என்றால் ஒன்றும் இல்லை.

அக்காவுக்கு அப்போது நாற்பத்து நான்கு முடிந்து சில மாதங்கள். நாற்பத்தைந்தைத் தாண்டினால் அரசாங்க வேலைக்கு எடுக்க மாட்டார்கள் என்று சொல்லியிருந்தார்கள். அவருக்கு இதுதான் கடைசி வாய்ப்பு. அது கைநழுவப் போகிறது என்பதும், அதற்குக் காரணம் நான்தான் என்பதும் அந்த வாங்கில் இருந்த எனக்கு மட்டும்தான் தெரியும்.

நான் எதற்கும் பயப்படுகிறவள். பஸ்ஸில் ஏறினால் இறங்கும் இடம் தாண்டிப் போய்விடுமோ என்று பாதி வழியிலேயே எழுந்து நிற்பேன். பூட்டிய பூட்டை மூன்று தடவை இழுத்துப் பார்ப்பேன். எண்பத்து மூன்றாம் ஆண்டுக் கலவரத்தில், நான் ஏழாம் வகுப்பில் இருந்தபோது, லயத்து வீட்டை விட்டுவிட்டு நாங்கள் கொக்கோ தோட்டத்துக்குள் ஓடி ஒளிந்தோம். மூன்று நாள். "சத்தம் போடாத, அசையாத" என்று அம்மா என் வாயைப் பொத்திக்கொண்டே இருந்தார். அதற்குப் பிறகு நான் பள்ளிக்கூடம் போகவில்லை. அங்கே படித்த ஒரே பாடம் ஒளிவதுதான் என்று நினைக்கிறேன். அதை மட்டும் நன்றாகப் படித்துவிட்டேன்.

பத்து வருடம் கழித்து மறுபடியும் பள்ளிக்கூடத்துக்குப் போனேன், விளக்குமாற்றோடு. தம்புள்ளைக்குப் போகிற பெரிய ரோட்டிலிருந்து கொஞ்சம் உள்ளே தள்ளியிருந்த தமிழ்ப் பள்ளிக்கூடம் அது. எங்களை வேலைக்கு எடுத்தவர் பழைய அதிபர். நல்ல மனிதர். கடிதம் ஒன்றும் தரவில்லை. "அபிவிருத்திச் சங்கத்துல பேசிட்டேன், நாளைக்கு வாங்க" என்றார். அவ்வளவுதான் எங்கள் நியமனம். ஆனால் முதல் வாரமே கூப்பிட்டு ஒன்று சொன்னார்.

"இந்தப் பள்ளிக்கூடத்துக்குச் சிற்றூழியர்னு இடமே ஒதுக்கல. ஆள் எடுக்க எனக்கு அதிகாரமும் இல்ல. கல்விக் கந்தோர்ல இருந்து யாராவது வந்தா, நீங்க ரெண்டு பேரும் கண்ணுல படாம இருங்க."

கண்ணில் படாமல் இருங்கள் என்றுதான் சொன்னார். மற்றவர்களிடம் அப்படிச் சொல்லியிருந்தால் கிணற்றடிப் பக்கம் போய் நின்றிருப்பார்கள். எனக்கு அது போதவில்லை. கிணற்றடிக்கே வந்து பார்த்துவிட்டால்? யார் நீங்கள் என்று கேட்டுவிட்டால்? நன்றாக யோசித்து ஒரு வழி கண்டுபிடித்தேன். ஸ்டோர் ரூம் கதவுக்குப் பின்னால் ஒரு சாம்பல் நிறக் குடையையும், ஒரு பழைய ஹேண்ட்பேக்கையும் மாட்டி வைத்தேன். கந்தோர் வாகனத்தின் சத்தம் கேட்டால் போதும். விளக்குமாற்றைப் போட்டுவிட்டுக் கையைக் கழுவி, குடையையும் பேக்கையும் எடுத்துக்கொண்டு, அதிபர் அறைக்கு வெளியே இருந்த வாங்கில் போய் உட்கார்ந்துவிடுவேன். பிள்ளையைப் பற்றிப் பேச வந்த பெற்றோர் மாதிரி. அக்காவையும் இழுத்து வந்து உட்கார வைப்பேன்.

"கூட்டுன குப்பைய நடுவுல விட்டுட்டு வந்திருக்கேன்டி. காத்துல பறக்குது" என்பார் அக்கா.

"பேசாம இருங்கக்கா, பாக்குறாங்க."

"பாக்கட்டுமே. நம்ம என்ன மணியத் திருடிட்டா போறோம்?"

ஒரு தடவை மோட்டார் சைக்கிளில் ஓர் அதிகாரி வந்தார். உயரமான ஆள், மாத்தளை முஸ்லிம். எங்களைப் பார்த்தவர் அதிபரிடம், "மொதல்ல அந்த உம்மாமாருட வேலைய முடிச்சி அனுப்புங்க சேர், பாவம், காத்துட்டு இருக்கிறாங்க" என்று சொல்லிவிட்டார். பழைய அதிபர் என்னை உள்ளே கூப்பிட்டார். அவருக்கு வேர்த்தது, எனக்கும் வேர்த்தது.

"புள்ளைக்குச் சளி எப்படி இருக்கு?" என்று கேட்டார்.

"கொறஞ்சிருச்சு சேர்" என்றேன்.

வெளியே வந்ததும் அக்கா முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தார். எனக்குக் கல்யாணமே ஆகவில்லை, பிள்ளைக்கு எங்கே போவது?

இதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. தொண்ணூற்றாறு, தொண்ணூற்றேழில் எல்லா இடமும் குண்டுப் பயம் வந்தது. பள்ளிக்கூட கேட்டில் பெற்றோர் முறை போட்டுக் காவல் நிற்கவேண்டும் என்று ஏற்பாடு. உள்ளே வருகிறவர்களுடைய பையைத் திறந்து பார்த்து, அடையாள அட்டை நம்பர், பெயர், வந்த காரணம் எல்லாவற்றையும் ஒரு புத்தகத்தில் எழுத வேண்டும். அதைத்தான் கேட் புத்தகம் என்போம். காலையில் பிள்ளைகள் உள்ளே போனதும் காவல் நின்ற தகப்பன்மார் அவரவர் வேலைக்குக் கிளம்பிவிடுவார்கள். பிறகு கேட்டில் யார் இருப்பது? நான்தான். என்னையும் முறைக்கு நிற்கிற ஒரு தாய் என்றே வருகிற அதிகாரிகள் நினைத்துக்கொள்வார்கள். ஏழாம் வகுப்போடு நின்றாலும் என் எழுத்து அழகாக இருக்கும் என்று பழைய அதிபரே சொல்வார்.

எனக்கு ஒரு புதுப் பயம் பிடித்தது. அதிகாரிகளும் உள்ளே வரும்போது அந்தப் புத்தகத்தில்தானே கையெழுத்துப் போடுகிறார்கள்? வாங்கில் இருக்கிற இரண்டு பெண்களுடைய பெயர் அதில் இல்லையே என்று யாராவது கவனித்துவிட்டால்? ஆகவே அதிகாரி வந்து கையெழுத்துப் போட்டு உள்ளே போனதும், அதற்குக் கீழேயே என் பெயரையும் அக்காவின் பெயரையும் எழுதிவிடுவேன். யார் என்ற இடத்தில் ‘பெற்றோர்’. காரணம், ‘தரம் 4 பிள்ளையைப் பார்க்க’. இதை எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. பழைய அதிபருக்குக்கூடத் தெரியாது.

அக்காவுக்கு வாசிக்கத் தெரியாது. என்ன எழுதினாய் என்று ஒருநாள் கேட்டார். சொன்னேன்.

"நாலாங்கிளாஸா? போன வருசமும் நாலாங்கிளாஸ்னுதானே சொன்ன?"

"அதுதான்க்கா வாய்க்கு வந்துச்சு."

"அடியே, வருசத்துக்கு ஒரு கிளாஸாவது ஏத்தி விடுடி. எம்புள்ள இவ்வளவு மக்கா போயிருச்சுன்னு ஊர்ல சொல்ல மாட்டாங்க?"

இப்படியே வருடங்கள் போயின. பழைய அதிபர் ஓய்வு பெற்றுப் போனார். அடுத்த வருடமே காலமாகிவிட்டார். எங்களை வேலைக்கு எடுத்ததற்கு இருந்த ஒரே சாட்சி அவர். அந்த நேரத்தில்தான் பள்ளிக்கூடங்களில் எங்களைப் போலக் கடிதம் இல்லாமல் வேலை செய்கிறவர்களை நிரந்தரமாக்கப் போகிறார்கள் என்ற பேச்சு வந்தது. நாங்களும் விண்ணப்பம் போட்டோம். புதிய அதிபரிடம் விளக்கம் கேட்டார்கள். வரவுப் பதிவேட்டில் இவர்களுடைய பெயர் இல்லை என்று எழுதி அனுப்பினார். அது உண்மைதான். விண்ணப்பம் திரும்பி வந்தது.

நான் அத்தோடு விட்டுவிட்டேன். அக்கா விடவில்லை. பல்லேபொலப் பக்கம் அவருடைய வீட்டுக்குப் பக்கத்தில் இருந்த யாரோ சொல்லி, மாத்தளையில் ஒரு பெண் சட்டத்தரணியைக் கண்டுபிடித்தார். அந்த மிஸ் பொறுமையாக எல்லாவற்றையும் கேட்டுவிட்டு ஒரு கேள்வி கேட்டார்.

"பள்ளிக்கூடத்துல ஏதாவது ஒரு புத்தகத்துல, எங்கயாவது, உங்க பேரு எழுதியிருக்கா?"

கேட் புத்தகம்தான் உடனே என் கண்முன் வந்தது. என் கையாலேயே எத்தனை தடவை, பெற்றோர், பெற்றோர் என்று!

"இல்ல மிஸ்" என்றேன்.

அக்கா என்னைத் திரும்பிப் பார்த்தார். அவருக்கு அந்தப் புத்தகம் ஒரு விளையாட்டு. அது எங்கள் கழுத்துக்கே வரும் என்று அவர் நினைக்கவில்லை. எனக்குத் தெரிந்தும் வாய் திறக்க முடியவில்லை. சட்டத்தரணி முறைப்பாடு எழுதினார். விசாரணைக்கு நாள் குறித்துக் கடிதம் வந்தது. பள்ளிக்கூடத்தில் உள்ள எல்லாப் பதிவேடுகளையும் கொண்டுவர வேண்டும் என்று அதில் போட்டிருந்தது. அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

எங்களை உள்ளே கூப்பிட்டார்கள். மேசைக்குப் பின்னால் இருந்த அதிகாரியைப் பார்த்ததுமே அடையாளம் தெரிந்தது. மோட்டார் சைக்கிளில் வந்த அதே ஆள். தாடி நரைத்திருந்தது. இப்போது பெரிய பதவி. அவர் முன்னால் பதிவேடுகள் இருந்தன. பக்கத்தில் சணல் கயிற்றால் கட்டிய ஒரு கட்டு. அட்டையைப் பார்த்ததுமே தெரிந்தது. அத்தனை வருடத்துக் கேட் புத்தகங்கள். எங்கள் புதிய அதிபர் ஓரமாக உட்கார்ந்திருந்தார். சட்டத்தரணி மிஸ் எங்களுக்கு முன்னால்.

அதிகாரி முதலில் வரவுப் பதிவேட்டைப் பார்த்தார். பிறகு கட்டை அவிழ்த்து, ஒரு கேட் புத்தகத்தைப் புரட்டினார். நடுவில் ஒரு பக்கத்தில் விரல் நின்றது.

"உங்கட ரெண்டு பேருட பேரும் இதுல ஈக்குதே" என்றார். "பெற்றோர் எண்டு எழுதி ஈக்குது."

சட்டத்தரணி மிஸ் திரும்பி என்னைப் பார்த்த பார்வையை இன்றைக்கும் மறக்க முடியாது. புதிய அதிபர் மெதுவாக, "வேற பதிவு ஒண்டும் இல்ல சேர். அதத்தான் நானும் எழுதி அனுப்பினேன்" என்றார்.

இப்போதாவது வாயைத் திறந்து, நான்தான் பயத்தில் எழுதினேன் என்று சொல்ல வேண்டும். சொன்னால் இத்தனை அதிகாரிகளை ஏமாற்றினேன் என்று ஆகும். இறந்துபோன மனிதரின் பெயரும் கெடும். சொல்லாவிட்டால் அக்காவின் வேலை போகும். கொக்கோ மரத்தடியில் வாயைப் பொத்திய கை மறுபடியும் பொத்தினாற்போல இருந்தது.

அதிகாரி அக்காவிடம் கேட்டார். "உங்கட புள்ள எந்த வகுப்பு?"

"எனக்கு ஒரே மகன் சேர். தம்புள்ளையில மரக்கறி மூட்டை தூக்குறான்."

"இதுல நாலாம் தரம் எண்டு ஈக்குது." இன்னொரு புத்தகத்தை எடுத்தார். "இதுலயும் நாலாம் தரம்." இன்னொன்று. "இதுலயும் நாலாம் தரம். பத்து வருசமா நாலாம் தரத்துலயா?"

அக்கா பட்டென்று சொன்னார். "நான் அப்பவே இவகிட்ட சொன்னேன் சேர், வருசத்துக்கு ஒரு கிளாஸ் ஏத்தி விடுடின்னு. கேட்டாத்தானே!"

பக்கத்தில் எழுதிக்கொண்டிருந்த கிளார்க் சிரித்துவிட்டார். அதிகாரி சிரிக்கவில்லை. "இவங்கக்கிட்டயா? இவங்களா எழுதினாங்க?"

"இவதான் சேர். எங்க பேர மட்டுமில்ல, புத்தகம் முச்சூடும் இவ எழுத்துதான். நீங்க வந்தப்ப உங்க பேர எழுதினதும் இவதான், நீங்க கையெழுத்து மட்டுந்தான் போட்டீங்க. கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க சேர். புள்ளையப் பாக்க வந்துட்டுப் போற பொம்பளையா பத்து வருசமா கேட்டுல குந்திக்கிட்டு புத்தகம் எழுதுவா?"

வாசிக்கத் தெரியாத அக்கா அந்தப் புத்தகத்தை வாசித்துவிட்டார். வாசிக்கத் தெரிந்த நான் அதில் என் பொய்யை மட்டும்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அதிகாரி ஒரு வெள்ளைத் தாளையும் பேனையையும் என் பக்கம் தள்ளினார். "ஒண்டு ரெண்டு வரி எழுதுங்க, பாப்பம்."

எழுதினேன். கை நடுங்கிய நடுக்கத்தில் எழுத்தெல்லாம் கோணிக்கொண்டு போனது. புத்தகத்தோடு வைத்துப் பார்த்தார். ஒத்துப்போகவில்லை. எனக்கே தெரிந்தது, அது யாரோ எழுதினாற்போல இருந்தது. இன்னொரு வரி எழுதினேன், அது அதைவிட மோசம்.

"பயந்தாங்கொள்ளி சேர் அவ" என்றார் அக்கா. முதல் தடவையாக அவர் குரலும் இறங்கிவிட்டது.

அதிகாரி நிமிர்ந்து என்னைப் பார்த்தார். பிறகு எழுந்தார். மேசைக்குக் கீழே இருந்த தன் பையை எடுத்துக்கொண்டு கதவுக்கு வெளியே போனார். எழுந்து போய்விட்டார், எல்லாம் முடிந்தது என்றுதான் நினைத்தேன். ஆனால் அவர் வாசலில் நின்று கதவைத் தட்டினார்.

"நான் இப்ப உங்கட ஸ்கூல் கேட்டுக்கு வந்து நிக்கிறேன். உள்ளுக்கு வரணும்" என்றார்.

எனக்கு என்ன ஆனது என்று இன்றுவரை தெரியவில்லை. வாய் தானாகத் திறந்தது.

"கொஞ்சம் நில்லுங்க சேர். ஐடென்டிட்டிய எடுங்க. பேக்கத் தொறந்து காட்டுங்க."

அடையாள அட்டையைக் கையில் தந்தார். பையைத் திறந்து காட்டினார். சோற்றுப் பார்சல், மூக்குக்கண்ணாடிக் கூடு, ஒரு மடக்குக் குடை.

"குடைய விரிச்சுக் காட்டுங்க" என்றேன். குடைக்குள் எதையாவது சுற்றிக்கொண்டு வரலாம் என்று எப்போதும் விரித்துப் பார்ப்போம். அவ்வளவு பெரிய அதிகாரி அந்த வாசலில் நின்று, அந்தக் கறுப்புக் குடையை விரித்துக் காட்டினார். கிளார்க் எழுதுவதை நிறுத்திவிட்டுப் பார்த்தார். நான் தலையாட்டிவிட்டு, குனிந்து அவர் பெயரையும் நம்பரையும் தாளில் எழுதினேன். "என்ன விசயமா வந்தீங்க?" என்று கேட்டேன்.

"விசாரணைக்கு" என்றார்.

அதையும் எழுதினேன். அப்போதுதான் கவனித்தேன், கை நடுங்கவில்லை. எழுத்து வரிசையாக, நேராக, எப்போதும்போல உட்கார்ந்திருந்தது.

அவர் வந்து தாளை எடுத்தார். கேட் புத்தகத்தில் தன் பெயர் இருந்த ஒரு பழைய பக்கத்தோடு சேர்த்து வைத்துப் பார்த்தார். ஒரே பெயர், ஒரே எழுத்து. நடுவில் எட்டோ ஒன்பதோ வருடம். அவர் தாளைப் புதிய அதிபருக்கு முன்னால் வைத்தார். அதிபர் அதை அதிகாரி பக்கமே திருப்பி வைத்தார்.

"நான் வந்த நாள்ல இருந்து இவங்கதான் சேர் எழுதுறாங்க" என்றார் கடைசியில். "மணி அடிக்கிறதும் இவங்கதான். அத எழுத்துல தர எனக்குப் பயமா இருந்திச்சு. நாளைக்கு என்னத்தான் கேப்பாங்க எண்டு."

அவர்மேல் எனக்கு அதுவரை கோபம் இருந்தது. அந்த நிமிடத்தில் போய்விட்டது. பயம் என்றால் என்ன என்று எனக்குத் தெரியாதா?

அதிகாரி எல்லாவற்றையும் கிளார்க்கிடம் சொல்லி எழுத வைத்தார். நாங்கள் கையெழுத்துப் போட்டோம். அக்கா தன் பெயரை ஒவ்வோர் எழுத்தாகப் படம் வரைவதுபோல வரைந்தார். நாங்கள் எழுந்தபோது அதிகாரி என்னிடம் கேட்டார்.

"சாம்பல் கலர் குடை ஒண்டு வச்சிக்கிட்டு இருந்தது நீங்கதானே?"

"ஓம் சேர்."

"ஒவ்வொரு முறை வரக்கொள்ளயும் கண்டிருக்கிறேன். புள்ளைக்கு ஏதோ பெரிய வருத்தம், சுகமில்ல போல எண்டு நெனச்சி, அல்லாஹ்கிட்ட துஆக்கூட கேட்டிருக்கிறேன்."

எனக்குக் கண் கலங்கிவிட்டது. அக்காதான் பதில் சொன்னார். "அது வீணாப் போகல சேர்."

படியிறங்கி ரோட்டுக்கு வந்ததும் அக்காவிடம் மன்னிப்புக் கேட்டேன். சட்டத்தரணி மிஸ்ஸிடம் மறைத்ததையும் சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன். "எனக்குந்தான் தெரியும்டி, நீ மறச்சது. உம் மூஞ்சியப் பாத்தா தெரியாதா? வா, பிளேன்டீ குடிப்பம், நீ காலையில இருந்து ஒண்ணும் திங்கல" என்றார்.

அடுத்த வருடம் எனக்கு நியமனக் கடிதம் வந்தது. அக்காவுக்கு வரவில்லை. வயது நாற்பத்தைந்தைத் தாண்டிவிட்டதே, விண்ணப்பித்த நாளைக் கணக்கில் எடுப்பதா இல்லையா என்று எங்கேயோ ஃபைல் நின்றுவிட்டது. நான்கு மாதம். ஒவ்வொரு நாள் காலையும் வரவுப் பதிவேட்டில் கையெழுத்துப் போட நான் திருடியைப் போலப் போவேன். அக்கா முற்றம் கூட்டுகிற நேரம் பார்த்து, அவர் பார்க்காதபோது போட்டுவிட்டு வருவேன். அதையும் கண்டுபிடித்துவிட்டார்.

"எதுக்கு ஒளிஞ்சு ஒளிஞ்சு போடுற? உனக்கு வந்தா எனக்கும் வரும். ரெண்டு பேரு பேரும் ஒரே புத்தகத்துலதானே இருக்கு" என்றார்.

வந்தது. ஐந்தாவது மாதம். அக்கா அந்தக் கடிதத்தை என்னிடம் தந்து மூன்று தடவை வாசிக்கச் சொல்லிக் கேட்டார்.

அதற்குக் கொஞ்ச நாள் கழித்து ஒரு காலைப்பொழுதில் கந்தோர் ஜீப் உள்ளே வந்தது. நான் முற்றத்தில் கூட்டிக்கொண்டிருந்தேன். சத்தம் கேட்டதும் கை விளக்குமாற்றைப் போட்டுவிட்டது, கால் ஸ்டோர் ரூமுக்கு ஓடியது. கதவுக்குப் பின்னால் கையை விட்டு, குடையையும் எடுத்துவிட்டேன்.

"எங்கடி ஓடுற? நாலாங்கிளாஸ் புள்ளையப் பாக்கவா?" என்று கிணற்றடியிலிருந்து சத்தம் போட்டார் அக்கா.

குடையை மறுபடியும் மாட்டிவிட்டு வந்தேன். விளக்குமாற்றை எடுத்தேன். ஜீப்பிலிருந்து இறங்கியவர்கள் என்னைத் தாண்டிப் போனார்கள். ஒருவர் என்னைப் பார்த்துத் தலையாட்டினார். எனக்கு நெஞ்சு அடித்துக்கொண்டுதான் இருந்தது. ஆனால் கூட்டிக்கொண்டிருந்த இடத்தை விட்டு நகரவில்லை.

எனக்குப் பயம் இன்னும் போகவில்லை, இனியும் போகும் என்று தோன்றவில்லை. ஆனால் பயந்துகொண்டே நம்முடைய இடத்தில் நிற்கலாம், அதற்கு யாருடைய அம்மாவாகவும் நடிக்க வேண்டியதில்லை என்பதை, வாசலில் குடையை விரித்து நின்ற ஒரு மனிதரிடமும் எழுதப் படிக்கத் தெரியாத என் அக்காவிடமும் நான் கற்றுக்கொண்டேன்.